பீரோவைத் தூக்கித் திறந்தவன்

ஜூலை 8, செவ்வாய்

தாபோடியில் இருக்கும் அம்மா வீட்டில் திருடன் புகுந்துவிட்டான். நல்லவேளையாக அவள் மூன்று நாளாக இங்கே, விமான் நகரில் என்னோடு இருக்கிறாள். காலையில் போலீஸ் ஸ்டேஷனில், வீட்டுக்குள் மாட்டியிருந்த கேமராவின் பதிவைப் போட்டுக் காட்டினார்கள். முகத்தில் கைக்குட்டை கட்டிய ஒருவன் பூட்டை உடைத்து நுழைகிறான். நேராக அப்பாவின் பழைய பீரோவுக்குப் போகிறான். கதவைத் தோளால் சற்றுத் தூக்கி, முட்டியால் ஒரு தட்டு தட்டித் திறக்கிறான். அம்மாவின் வளையல்களை எடுத்துக்கொள்கிறான்.

அந்த பீரோ அப்படித்தான் திறக்கும். அப்பா ஃபேக்டரிக்குப் போனதும் தம்பி குமார் அப்படித் திறப்பான், நான் பால்பவுடர் டப்பாவை எடுப்பேன். வாய் நிறைய அப்பிக்கொண்டு, சிரிக்க முடியாமல் சிரிப்போம். சண்டை போட்டுக்கொண்டு அவன் வீட்டைவிட்டுப் போய் ஆறு வருடமாகிறது.

ஆளைத் தெரிகிறதா என்று இன்ஸ்பெக்டர் ஹிந்தியில் கேட்டார். “நஹி, சார்” என்றேன்.

வீட்டுக்கு வந்ததும் அம்மா, “பீரோவ ஒடச்சுட்டானா?” என்றாள்.

“இல்லம்மா. ஒடைக்காமலே தெறந்துட்டான்.”

வளையலைப் பற்றி அவள் கேட்கவே இல்லை. வெகுநேரம் கழித்து, “ரொம்ப எளச்சிருக்கானா?” என்றாள்.

மூஞ்சி தெரியவில்லை என்று சொல்லிவிட்டேன். இளைத்துத்தான் இருந்தான்.