கோபமே வராத அக்கா

என் ராட்சசி சுலோச்சனா அக்காவுக்கு,

எப்படி இருக்கிறாய் என்று கேட்டால், "செத்தவகிட்ட கேக்கற கேள்வியாடி இது?" என்று மண்டையில் ஒரு குட்டு வைப்பாய். அதனால் கேட்கவில்லை. என்னைப் பற்றிச் சொல்கிறேன். களைத்துப் போயிருக்கிறேன் அக்கா. நீ போய் ஒரு வருஷம் ஆகப்போகிறது. நீதான் போனாய், உன் வேலை போகவில்லை.

வலது கை விரல்கள் காலையில் மடங்க மாட்டேன் என்கின்றன. டாக்டர் பார்த்துவிட்டு, "இந்தக் கைக்கு அப்படி என்ன வேலை கொடுத்தீங்க?" என்றார். பேசிக்கொண்டே இருந்தேன் என்றேன். மனிதர் என்னை ஒரு மாதிரி பார்த்தார். கண்ணும் தெரியாத காதும் கேட்காத அக்காவின் உள்ளங்கையில், ஊர் பேசுவதையெல்லாம் விரலால் எழுத்தெழுத்தாக எழுதிக் காட்டியே கிழவியானவள் நான் என்று அவருக்கு விளக்க வேண்டியிருந்தது. "இனிமே ரெஸ்ட் கொடுங்க" என்றார். கொடுக்கலாம்தான். யார் விடுகிறார்கள்?

லஸ் பக்கம் முழுக்க மெட்ரோவுக்காகத் தோண்டி வைத்திருக்கிறார்கள். எங்கே பார்த்தாலும் தகரத் தடுப்பு. பூக்கடை வாசனையையும் காப்பிக்கொட்டை வறுக்கிற வாசனையையும் வைத்து எந்தத் தெரு என்று சொல்லுவாயே, இப்போது சிமெண்ட் தூசி வாசனை மட்டும்தான். நீ இருந்திருந்தால் நேரே போய் இன்ஜினியர் முன்னால் உட்கார்ந்து, "நான் எந்தப் பக்கம் நடக்கணும், சொல்லு" என்று கேட்டிருப்பாய். நான் பேசாமல் ஆட்டோ பிடித்தேன். "இந்தாண்ட போனா அடைப்பு, அந்தாண்ட போனா பள்ளம். இன்னாம்மா பண்றது, பறந்துதான் போவணும்" என்று ஆட்டோக்காரர் புலம்பிக்கொண்டே தி. நகர் வரைக்கும் கொண்டுபோய் விட்டார்.

தி. நகரில் எனக்கு என்ன வேலை என்கிறாயா? உன்னைப் பற்றிக் குழந்தைகளுக்குப் புத்தகம் போடப் போகிறார்கள். பதிப்பகத்தில் மதுமிதா என்று ஒரு பெண்தான் எழுதுகிறாள். நல்ல பெண், ஒழுங்காகச் சாப்பிட்டீர்களா என்று கேட்பாள். நான் சொன்னதையும் பத்திரிகையில் வந்ததையும் சேர்த்து எழுதி முடித்துவிட்டாள். நான் சரி என்று ஒரு வார்த்தை சொன்னால் அச்சுக்குப் போய்விடும்.

முதல் வரியே உன் பெயர்தான். சுலோச்சனா என்றால் அழகிய கண் உடையவள், ஆனால் பாவம், விதியைப் பாருங்கள் என்று ஆரம்பம். நீ இதைக் கேட்டிருந்தால் அங்கேயே கச்சேரி வைத்திருப்பாய். அதற்கடுத்த பக்கம் இன்னும் மோசம். 'சிறு வயதில் வந்த காய்ச்சலில் பார்வையையும் செவியையும் இழந்தாலும் சுலோச்சனா ஒருநாளும் கலங்கவில்லை. எப்போதும் புன்னகைதான். அவருக்குக் கோபமே வராது.'

அடிப் பாவி! உனக்கா? கோபமே வராதா?

காய்ச்சல் விட்டு எழுந்ததும் நீ வைத்தியம் பார்த்த டாக்டரைக் கடித்தாய். அம்மா ஊட்டிய தட்டைப் பறித்துச் சுவரில் அடித்தாய். ஒன்றாம் வகுப்பு முடித்த குழந்தை, திடீரென்று உலகத்தை யாரோ விளக்கைப் போல அணைத்துவிட்டால் பிறகு என்ன செய்யும்? என் தலைமயிர் கைக்குக் கிடைத்தால் கொத்தாகப் பிடுங்குவாய். அப்புறம் நான் பள்ளிக்கூடம் போக ஆரம்பித்தேன். அன்றைக்குக் கற்ற 'அ'வை விளையாட்டாக உன் உள்ளங்கையில் போட்டுப் பார்த்தேன். நீ திகைத்துப்போய் நின்றாய். உடனே பளாரென்று ஓர் அடி. "தப்பு! சுழி இப்பிடியா போடுவாங்க?" என்று உன் குரலிலேயே கத்தி, என் கையைப் பிடித்துச் சரியாகப் போட்டுக் காட்டினாய். மாதக்கணக்கில் வாயே திறக்காமல் இருந்தவள் நீ. சமையலறையிலிருந்து ஓடி வந்த அம்மா வாசற்படியிலேயே உட்கார்ந்து அழுதாள்.

அன்றிலிருந்து நான் உன் காது, உன் கண். நீ பேசுவது வெளியாட்களுக்குப் புரியாது என்பதால் உன் வாயும் நான்தான். அதற்கு நீ எனக்குப் போட்ட சட்டம் ஒன்றே ஒன்று. அறையில் யார் என்ன பேசினாலும், கொட்டாவி விட்டாலும், கடிகாரத்தைப் பார்த்தாலும், அப்படியே உன் கைக்கு வரவேண்டும். உனக்கு மனசு வலிக்குமே என்று எதையும் வடிகட்டக் கூடாது.

இந்தச் சட்டத்தால்தானே அந்த அரசு அலுவலகத்தில் ரகளையே நடந்தது? விண்ணப்பத்தில் பார்வையற்றவர் என்று ஒரு கட்டம், காது கேளாதவர் என்று ஒரு கட்டம். ஏதாவது ஒன்றில்தான் டிக் போடலாம் என்றார்கள். நீ இரண்டிலும் போட்டாய். அதிகாரி என்னைப் பார்த்து, "இதை எதுக்கும்மா இங்கெல்லாம் இழுத்துக்கிட்டு வர்றே? இதுக்கு என்ன புரியப் போவுது?" என்றார். அதையும் அப்படியே உன் கையில் எழுதினேன். நீ எழுந்து மேஜையில் ஓங்கி ஒரு குத்து விட்டாய் பார், அவருடைய பூச்சாடி கீழே விழுந்து சுக்குநூறானது. "எனக்குப் புரியுது! உனக்குத்தான் புரியல!" என்று நீ போட்ட சத்தத்தில் அடுத்த அறையிலிருந்தெல்லாம் ஆட்கள் வந்துவிட்டார்கள். நான் உன்னை வெளியே கூட்டிக்கொண்டு வந்தேன், வெட்கத்தில் எனக்குக் காதெல்லாம் சுட்டது. மறுநாள் காலையில் நீ சேலை கட்டிக்கொண்டு தயாராக நிற்கிறாய். எங்கே என்றேன். "அதே ஆபீசுக்குத்தான். நேத்து பாதிதானே பேசினேன்?"

இரண்டுக்கும் சேர்த்து மூன்றாவதாக ஒரு கட்டம் வரும்வரை நீ போய்க்கொண்டே இருந்தாய். இன்றைக்கு உன்னைப் போன்ற எத்தனையோ பேர் அதில் டிக் போடுகிறார்கள். புத்தகத்தில் அந்தக் கட்டம் இருக்கிறது அக்கா, பூச்சாடி இல்லை.

மதுமிதாவிடம் கேட்டேன். "ஆன்ட்டி, இது குழந்தைங்க புக். பாசிட்டிவா இருந்தாதான் ஸ்கூல்ல வாங்குவாங்க. கோபம், ரகளை எல்லாம் போட்டா தப்பா எடுத்துப்பாங்க" என்றாள். வாதம் பண்ணுவதற்கு எனக்குத் தெம்பில்லை. ஒவ்வொரு கூட்டத்திலும் உன் படத்துக்கு மாலை போட்டு, இருளை வென்ற தெய்வப் பிறவி என்கிறார்கள். நானும் மேடையில் உட்கார்ந்து தலையாட்டிக்கொண்டிருக்கிறேன். இன்னொரு தலையாட்டல்தானே என்று, "சரிம்மா, போட்டுக்கோ" என்று சொல்லிவிட்டேன். அச்சுக்கு முன்னால் ஒரு பள்ளியில் வாசித்துக் காட்டலாம், நீங்களும் வாருங்கள் என்றாள்.

அடையாறில், காது கேட்காத குழந்தைகள் படிக்கிற ஒரு பள்ளி. உள்ளே நுழைவதற்கு முன்பே அங்கிருந்த டீச்சர் என்னை ஓரமாக அழைத்துப் போனார். நஸ்ரீன் என்று ஒரு பெண், பதினொரு வயது. பிறவியிலேயே காது கேட்காது, பார்வை மெல்ல மெல்ல மங்கி, போன வருஷம் முழுசாகப் போய்விட்டது. எழுத்து தெரியும், உள்ளங்கையில் எழுதினால் படிப்பாள். "ஆனா மேடம், கடிக்கிறா. போன வாரம் ஆயாம்மா கையில ரத்தமே வந்துடுச்சு. அடுத்த டெர்ம்ல இவளை வெச்சுக்க முடியாதுன்னு மேல சொல்றாங்க" என்றார் டீச்சர். பக்கத்தில் நின்ற அவளுடைய அம்மா, "இங்க இல்லேன்னா எங்க கூட்டிக்கினு போறது மேடம்? கோவம் வந்தா கையில இன்னா கீதோ தூக்கிப் போட்டுடறா. வூட்டுல வெச்சுப் பூட்டவா முடியும்?" என்று முந்தானையால் மூக்கைத் துடைத்துக்கொண்டாள்.

"அதான் மதுமிதா முன்னாடியே அனுப்பின உங்க அக்கா கதையைச் சொல்லிட்டு வர்றோம்" என்றார் டீச்சர். "அந்த ஆன்ட்டிக்குக் கோபமே வராது, நீயும் அப்படி இருக்கணும்னு தினமும் அவ கையில எழுதறோம்."

எனக்குச் சுருக்கென்றது. தினமுமா?

மதுமிதா வாசித்தாள். டீச்சர் மற்ற பிள்ளைகளுக்குச் சைகையில் சொன்னார். நான் நஸ்ரீன் பக்கத்தில் உட்கார்ந்து அவள் கையில் எழுதினேன். கிட்டத்தட்ட ஒரு வருஷத்துக்குப் பிறகு என் விரலுக்குக் கீழே ஒரு உள்ளங்கை. சூடாக, வேர்த்துப் போய் இருந்தது. உன் கை மாதிரியே இல்லை. அழகிய கண், விதி எல்லாம் பொறுமையாகக் கேட்டுக்கொண்டாள். 'அவருக்குக் கோபமே வராது' என்று முடிப்பதற்குள் வெடுக்கென்று கையை இழுத்துக்கொண்டாள்.

நம் ஆட்களுக்குக் கையை இழுத்துக்கொள்வது என்றால் என்ன என்று உனக்குச் சொல்ல வேண்டியதில்லை. கதவைச் சாத்தித் தாழ்ப்பாள் போட்ட மாதிரி. அவளுடைய அம்மா பதறிப்போய், "அரே, மேடம் எழுதறாங்க பாரு!" என்று அந்தக் கையைப் பிடித்து இழுக்க வந்தாள். வேண்டாம் என்று தடுத்தேன். பிடித்து இழுக்கக் கூடாது, நம் கையை அருகில் வைத்துவிட்டுக் காத்திருக்க வேண்டும், அதுதானே மரியாதை? என் கையை மல்லாத்தி அவள் முழங்கை படுகிற இடத்தில் மேஜைமேல் வைத்தேன். அவள் அக்குளில் கைகளைச் செருகிக்கொண்டு உம்மென்று உட்கார்ந்திருந்தாள். மதுமிதா வாசிப்பதை நிறுத்திவிட்டாள். என் விரல்கள் விண்விண்ணென்று வலித்தன.

ரொம்ப நேரம் கழித்து ஒரு விரல் வந்து என் கையில் எழுதியது. 'பொய்.'

நான் அவள் கையைக் கேட்டு வாங்கி எழுதினேன். 'ஆமாம். பொய்.'

பிறகு பூச்சாடிக் கதையை எழுதினேன். எழுதும்போதே வாய்விட்டுச் சொன்னேன், அறையில் எல்லாருக்கும் கேட்கட்டும் என்று. நஸ்ரீன் நாற்காலியின் நுனிக்கு வந்துவிட்டாள். 'உடைஞ்சுதா?' என்று கேட்டாள். சுக்குநூறாக என்றேன். 'போலீஸ் வந்துச்சா?' இல்லை, மறுநாள் அவங்களே மறுபடியும் போனாங்க என்றேன். அவள் உடம்பெல்லாம் குலுங்கச் சிரித்தாள். அப்புறம் சட்டென்று நிறுத்திவிட்டு எழுதினாள். 'எனக்கும் கோபம் வரலாமா?'

பதினொரு வயதுப் பிள்ளை அனுமதி கேட்கிறது அக்கா. கோபப்படுவதற்கு. எனக்கு அழுகை வந்துவிட்டது. 'வரலாம்' என்று எழுதினேன். 'எதுக்கு வருதுன்னு சொல்லு.'

அவள் யோசிக்கவே இல்லை. 'சொல்லாம இழுக்கறாங்க.'

அதை உரக்கப் படித்தேன். டீச்சர் முகம் மாறியது. "பெல் அடிச்சா எல்லாரும் ஒண்ணா போகணும்... அவசரத்துல ஆயாம்மா கையைப் பிடிச்சுக் கூட்டிட்டுப் போயிடுவாங்க..." என்று ஆரம்பித்தவர் பாதியில் நிறுத்திக்கொண்டார். எங்கிருந்தோ ஒரு கை வந்து, எங்கே என்றுகூடச் சொல்லாமல் இழுத்துக்கொண்டு போனால் யார்தான் கடிக்க மாட்டார்கள்? "யா அல்லா, நானும் அப்பிடித்தானே குளிக்க வைக்க இழுத்துக்கினு போறேன்" என்று அம்மாக்காரி தலையில் கை வைத்துக்கொண்டாள். யாரையும் குற்றம் சொல்லத் தோன்றவில்லை. அவரவர் அவரவர் பாட்டில் ஓடிக்கொண்டிருக்கிறார்கள். அந்தப் பெண் இத்தனை நாளும் பல்லால் சொல்லிக்கொண்டிருந்திருக்கிறாள்.

அடுத்த டெர்ம் என்ன ஆகும் என்று இன்னும் தெரியவில்லை. மேலே பேசிப் பார்க்கிறேன் என்று டீச்சர் சொல்லியிருக்கிறார். அதுவரை வாரத்தில் சில நாள் நான் அங்கே போய், ஆயாம்மாவுக்கும் மற்றவர்களுக்கும் எப்படித் தொட்டு, எப்படிச் சொல்லிவிட்டு அழைக்க வேண்டும் என்று காட்டித் தருவதாக ஒப்புக்கொண்டேன். வாய்க்கொழுப்பு, வேறென்ன? வீட்டுக்கு வந்து வெந்நீரில் கையை வைத்துக்கொண்டு உன்னைத்தான் திட்டினேன்.

திரும்பி வரும்போது காரில் மதுமிதா என் பக்கம் திரும்பினாள். "பூச்சாடிக் கதையை மட்டும் எழுதித் தர்றீங்களா ஆன்ட்டி?" என்றாள். எல்லாத்தையும் போடறதா இருந்தா தர்றேன், இல்லாவிட்டால் புத்தகமே வேண்டாம் என்றேன். "ஸ்கூல்ல வாங்கலேன்னா?" வாங்க வேண்டாம். அவள் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். அடையாறு பாலம் தாண்டியதும், "டாக்டரைக் கடிச்சதையுமா?" என்றாள். அதைத்தான் முதலில் என்றேன். பெருமூச்சு விட்டாள். பிறகு, பழைய பக்கங்களை எடுத்துவிடுகிறேன், நீங்களே எழுதுங்கள் என்று சொன்னாள்.

ஆக, இந்த வயதில் எனக்குப் புது வேலை. முடியுமா என்று தெரியவில்லை. நாலு வரி எழுதினால் விரல் மரத்துப்போகிறது. நீ இருந்தால், "அழுதுகிட்டே எழுது, யார் வேண்டாங்கிறா?" என்பாய். நீ இல்லாமல் உன்னைப் பற்றி எழுதுவது எவ்வளவு அலுப்பாக இருக்கிறது தெரியுமா அக்கா? சண்டைக்குக்கூட ஆளில்லை.

ஆனாலும் சத்தியமாகச் சொல்கிறேன். எழுதுகிற ஒவ்வொரு பக்கத்தையும் முதலில் நஸ்ரீனின் கையில் எழுதிக் காட்டுவேன். எந்த இடத்தில் அவள் கையை இழுத்துக்கொள்கிறாளோ, அந்தப் பக்கத்தை அங்கேயே கிழித்துப் போட்டுவிடுவேன்.

உன் கூடப்பிறந்து, உன் கோபத்துக்கெல்லாம் வாயாக இருந்த தங்கை,
வசந்தி