கல்யாணப் போட்டோவும் ஒரு வருஷத்துக் காமாலையும்

8.2.1973
தாலுகா ஆபீசில் குத்தகைப் பதிவேட்டைக் காட்டினார்கள். அப்பா காலத்திலிருந்து நாங்கள் உழுகிற ஆறு மா நிலம். அதில் இராஜாங்கம் என்ற என் பெயரை அடித்துவிட்டு, தங்கை அம்சத்தின் புருஷன் செல்லதுரை பெயரை எழுதியிருக்கிறது. மாப்பிள்ளை கட்சிக் கிளைச் செயலாளர். பதிவேடு எழுதுகிற கணக்குப்பிள்ளைக்குப் பொழுது விடிவதே அவர் வீட்டுக் காபியில்தான். முப்பது நாளுக்குள் அப்பீல் போடலாமாம்.

9.2.1973
மாப்பிள்ளை வீட்டுக்குச் சண்டைக்குத்தான் போனேன். எனக்கும் காபி கொடுத்துவிட்டார்கள். ஏதோ கைத்தவறு என்கிறார். "வைகாசியில பொண்ணுக்குக் கல்யாணம். தாய்மாமன் நீங்க கோர்ட்டு ஏறுனா சம்பந்தி வீட்டுல என்ன நினைப்பாங்க மச்சான்? முடியட்டும், நானே மாத்தித் தர்றேன்." அம்சம் அழுதாள். நானும் கொஞ்சம்.

27.5.1973
திருக்காட்டுப்பள்ளியில் கல்யாணம். சீர்த்தட்டைத் தலையில் வைத்துக்கொண்டு மேளத்துக்கு முன்னால் ஆடினேன். என் நாற்பத்தாறு வயதுத் தொப்பை தனியாக ஆடியது. போட்டோக்காரன் விடவில்லை.

29.7.1973
பதிவேட்டில் பெயரை மாற்றித் தரக் கேட்டேன். ஆடி போகட்டும் என்கிறார் மாப்பிள்ளை. நல்ல காரியமாம்.

11.3.1974
செல்லதுரையின் ஆள் என் வயலில் ஏர் பூட்டிவிட்டான். கேட்டதற்கு, "பதிவேட்டைப் பாருங்க மச்சான்." அவ்வளவுதான். காபிகூடக் கிடையாது.

14.3.1974
டவுன் வக்கீல் சிங்காரவேலு தலையில் கை வைத்துக்கொண்டார். இத்தனை தாமதத்துக்கு என்ன காரணம் எழுதுவது? உள்ளதைச் சொன்னேன். "மாப்பிள்ளையை நம்புனேன்னா எழுத முடியும்? மஞ்சள் காமாலைன்னு போட்ருவோம். எல்லாருக்கும் அதான் போடுறது." ஒரு வருஷக் காமாலை — அதற்குள் ஒரு பிள்ளையே பெற்றிருக்கலாம். கையெழுத்துப் போட்டேன்.

19.8.1974
அப்பீல் விசாரணை. 'படுத்த படுக்கை' என்று என் வக்கீல் வாசித்து முடித்தார். எதிர் வக்கீல் ஒரு போட்டோவை நீட்டினார். தட்டு, தொப்பை, ஆட்டம். பின்னால் ஸ்டூடியோ முத்திரை, தேதி. அதிகாரி சிரித்துவிட்டார். அவர் இடத்தில் இருந்தால் நானும் சிரித்திருப்பேன். தாமதத்துக்குத் தக்க காரணம் இல்லை, தள்ளுபடி. நிலத்தை உழுதது யார் என்று கடைசிவரை ஒருத்தரும் கேட்கவில்லை.

அந்தப் போட்டோ இருந்த கல்யாண ஆல்பம் அம்சத்தின் டிரங்குப் பெட்டியில் இருந்தது. சாவி அவள் இடுப்பை விட்டு இறங்காது. அவளேவா எடுத்துக் கொடுத்தாள்? நான் வாங்கிக் கொடுத்த பெட்டிடா அது —

5.9.1974
அம்சம் வாசலில் வந்து நின்றாள். மகளுக்கு வளைகாப்பாம். தாய்மாமன் வளையல்தான் முதலில் ஏற வேண்டுமாம். என் பெண்டாட்டி தங்கம்மாள் என் முகத்தைப் பார்த்தாள்.

"மஞ்சள் காமாலை, எந்திரிக்க முடியலன்னு சொல்லு" என்று அவளிடம் சொல்லிவிட்டு உள்ளே போய்ப் படுத்துக்கொண்டேன்.

வாசலில் காலடிச் சத்தம் நகர வெகுநேரம் ஆயிற்று.