உலகம் அழிந்த இடத்தைப் பெருக்கியது

மஸ்கட்டில் இருக்கும் என் மகன் விமல்ராஜுக்கு அம்மா ஆசையோடு எழுதுவது. நானும் உன் தங்கை சுவாதியும் பெருமாள் புண்ணியத்தில் சுகமாக இருக்கிறோம், உன் இருமல் நின்றதா என்பதுதான் என் கவலை, வெயிலில் நின்றுவிட்டு உடனே ஐஸ் தண்ணீர் குடிக்காதே. போனில் சொல்லலாம் என்றால் இந்த விஷயத்தை ஆரம்பித்ததுமே சுவாதி போனைப் பிடுங்கிக்கொள்கிறாள், அதனால்தான் எழுதுகிறேன்.

உலகம் அழிந்த பிறகு மிச்சமிருக்கிறவர்கள் தண்ணீருக்குச் சண்டை போடுகிற சினிமா ஒன்றை அவள் தன்னோடு கம்பெனியில் வேலை செய்கிறவர்களை வைத்து எடுத்துக்கொண்டிருந்தாள் அல்லவா, ஷிப்ட் மாறினால் வில்லன் வரமாட்டான், ஓவர்டைம் போட்டால் ஹீரோ வரமாட்டான், இப்படியே ஆறு மாதம் ஓடிவிட்டது. சுங்குவார்சத்திரத்தில் மூடிக் கிடக்கும் ஒரு ஷெட்டில் பாதிச் சண்டையை எடுத்துவிட்டார்கள். மீதிக்கு ஒரே ஒரு ஞாயிறுதான் பாக்கி, திங்கட்கிழமை ஷெட்டை இடிக்கிறார்கள். அன்று காலை பிள்ளைகளுக்கு இட்லி எடுத்துக்கொண்டு நான் முதல் ஆளாகப் போனேன். உள்ளே ஒரே சாம்பலும் உடைந்த சாமானும். ஒரகடம் கம்பெனியில் பதினாறு வருஷமாகத் தரை துடைக்கிறவளுக்குக் கை சும்மா இருக்குமா, மூன்று மணி நேரத்தில் ஷெட்டைப் பளபளவென்று ஆக்கி, குப்பையைப் பஞ்சாயத்து டிராக்டரில் ஏற்றியும் அனுப்பிவிட்டேன். அது அவர்கள் ஐந்து ஞாயிறு பாடுபட்டுக் கொட்டி வைத்த செட் என்று எனக்கு யார் சொன்னார்கள்? சுவாதி வந்து பார்த்து, "இன்னாம்மா பண்ணி வச்சிகீற" என்று தரையில் உட்கார்ந்துவிட்டாள். ஹீரோ இசக்கிதுரை, திருநெல்வேலிப் பையன், "எம்மா, உலகம் அழிஞ்ச மாதிரி இல்லியே, ஆடிட் வரப்போற மாதிரில்லா இருக்கு" என்றான். எனக்கு அழுகையே வந்துவிட்டது.

ஆனால் விமல், உன் தங்கை ஒரு வார்த்தை திட்டவில்லை. கால் மணி நேரம் தலையைப் பிடித்துக்கொண்டிருந்தவள் எழுந்து கதையையே மாற்றிவிட்டாள். அடிபட்டு மயங்கின ஹீரோ கண் திறந்தால் இடமே சுத்தமாக இருக்கிறதாம், அழிந்துபோன உலகத்தில் ஒருத்தி மட்டும் பெருக்கிக்கொண்டே இருக்கிறாளாம், அது நீதான் என்றாள். எனக்கு நடிக்கத் தெரியாது என்றேன், நடிக்காதே, பெருக்கு என்றாள். வில்லன் லோகேஷ் இரும்புக் கம்பியோடு ஓடிவந்தபோது எனக்குச் சினிமா என்பதே மறந்துபோய், "இப்பதான்டா தொடச்சேன், ஈரத்துல கால வெக்காத" என்று கத்திவிட்டேன். பாவம், அவன் நிஜமாகவே பயந்து ஷூவைக் கழற்றினான். அதையும் அவள் வெட்டவில்லை.

போன சனிக்கிழமை தண்டலத்தில் ஒரு கல்லூரி அரங்கில் படத்தைப் போட்டார்கள். ஷூ கழற்றும்போது கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது. அப்புறம் நான் தனியாகப் பெருக்குகிற காட்சி வந்தது. கம்பெனியில் நான் துடைப்பத்தோடு வந்தால் போனைப் பார்த்தபடியே காலைத் தூக்கிக்கொள்வார்கள், யாரும் நிமிர மாட்டார்கள். அன்று முந்நூறு பேர் என் முகத்தைப் பார்த்தார்கள், பார்க்க வைத்தது நான் பெற்ற பெண். எனக்கு இதைவிட என்ன வேண்டும்?

அவளைக் கூப்பிட்டு நாலு நல்ல வார்த்தை சொல், கிண்டல் செய்யாதே. நோய் நொடி இல்லாமல் நீ நன்றாக இருக்க வேண்டும். ஒன்றை மட்டும் மறக்காதே, நீங்கள் தங்கியிருக்கிற கேம்பைப் பெருக்க வருகிறாரே ஒருவர், அவர் பெயர் என்ன என்று கேட்டு எனக்கு எழுது.

என்றும் உன் நினைவில்,
அம்மா பெருந்தேவி