கடைசிச் சொல் முதலில் வரும்

உறைமாதம் 2

ஏரி கரை வரை உறைந்துவிட்டது. மீன் வாங்கப் போன இடத்தில் வழக்கம்போல என் பேத்தி யெஸ்னாவைப் பற்றிப் பீற்றிக்கொண்டேன். உயிரோடு மறு உலகத்தில் இறங்கிய முதல் ஆள் அவள்தானே. இந்த ஊரில் வேறு யார் வீட்டில் இருக்கிறது அப்படி ஒரு பிள்ளை?

"போய் இத்தனை நாளாச்சு, ஒரு பேச்சையும் காணோமே?" என்றாள் மீன்காரி.

பேசுவாள். நாக்கில்லாத பெரிய மணியைச் சபைக் கூடத்தில் தொங்கவிட்டிருப்பது பின்னே எதற்கு?

ஒருவழிப் பாதை. திரும்ப முடியாது என்று தெரிந்துதான் போனாள். நானும் தெரிந்துதான் அனுப்பினேன்.

உறைமாதம் 5

மணி முனகியது என்று ஆள் வந்தது. ஓடினேன். ஒரு மூச்சுக்கு அடங்குகிற பேச்சுதான் அங்கிருந்து கடந்து வரும். மணியில் காதை வைத்தேன்.

"பாட்டி, இந்தக் காத்து நெஞ்சுக்கு ஒத்துக்கல. எழுந்திருக்க முடியல. வலி இல்ல. அழாதே."

அவ்வளவுதான். "நான் இங்கேதான் இருக்கேன் கண்ணு" என்று மணிக்குள் சொன்னேன்.

உறைமாதம் 6

பண்டிதர் தோர்மல் வீட்டுக்கே வந்தார். "இது முதல் பேச்சுதானே பாட்டியம்மா. போன புதுசு, உடம்பு பழகணும். அடுத்த பேச்சுல சரியாயிடும் பாருங்க."

அவள் கணக்கு அப்படிச் சொல்லவில்லையே ஐயா என்றேன். சிரித்தார். சபை முழுக்கச் சிரித்த கணக்குதான் அது.

நான் ஐந்தாம் வகுப்போடு நின்றவள். எனக்குப் புரியவேண்டும் என்று, போவதற்கு முன் யெஸ்னா என் பின்னல் கூடையிலிருந்து நூல்கண்டை எடுத்துக் காட்டினாள். "கடைசியாச் சுத்துன நூல்தானே மேல இருக்கும்? பிரிக்கும்போது அதுதானே முதல்ல கைக்கு வரும்? அங்க நேரம் நமக்கு எதிர்ப்பக்கமா ஓடுது பாட்டி. நான் கடைசியாப் பேசுறதுதான் உனக்கு முதல்ல கேக்கும். நீ கடைசியாப் பேசுறதுதான் எனக்கு முதல்ல."

அப்படியானால் நேற்று வந்தது —

எழுத மாட்டேன்.

உறைமாதம் 11

"ரெண்டு வாய் கஞ்சி இறங்குச்சு. இருமல்தான் விடமாட்டேங்குது."

தோர்மல் தொடையைத் தட்டினார். "பாத்தீங்களா, தேறிட்டு வர்றா!"

தேறுகிறாளா? விழுகிறாளா?

உறைமாதம் 17

"லேசா இருமல், அவ்வளவுதான் பாட்டி. இங்க மரமெல்லாம் நீலம்."

ஊரே என் வாசலில். பக்கத்து வீட்டு குல்தா எழுந்த ரொட்டி சுட்டுக்கொண்டு வந்துவிட்டாள். படுக்கையில் கிடந்தவர் எழுந்தால் சுடுவது; வீட்டுப் பெரியவர்தான் முதல் துண்டு வெட்டவேண்டும். கத்தியைக் கையில் திணித்தாள். வெட்ட எனக்குக் கை எழவில்லை.

"ஏண்டி, பேத்தி பொழைச்சது உனக்குப் பிடிக்கலையா? அவ கணக்கு ஜெயிக்கணும்னு அவ சாகணுமாக்கும்?"

குல்தாவால்தான் அப்படிக் கேட்க முடியும். வேறு யாராவது கேட்டிருந்தால் கத்தி வேறு வேலை பார்த்திருக்கும்.

வெட்டினேன். தின்றேன். அவள் சொன்னது ஒன்றுகூடத் தப்பாகக் கூடாது என்று இருந்தவள் நான். இன்றைக்கு — தப்பா இருக்கட்டும். என் தங்கமே, உன் கணக்கு தப்பாவே இருக்கட்டும். ஊர் சிரிச்சா சிரிக்கட்டும். நீ இரு. நீ இருந்தா போதும்.

உறைமாதம் 18

ரொட்டி நன்றாகத்தான் இருந்தது.

உறைமாதம் 24

"மலை உச்சிக்கு ஓடியே ஏறிட்டேன் பாட்டி! ஒரு தும்மல்கூட இல்ல!"

கூடத்தில் எல்லோரும் கட்டிப்பிடித்துக்கொண்டார்கள். எனக்கு ஒன்று உறுத்துகிறது. 'குணமாயிடுச்சு' என்று ஒரு தடவைகூட அவள் சொல்லவில்லை. சாதாரணக் காய்ச்சல் விட்டாலே தெருவையே கூப்பிட்டுச் சொல்கிறவள்.

சொல்லிவிடவா? உனக்கு நோய் வரப்போகிறது என்று? சொல்லி? காற்றை மாற்ற முடியுமா, திரும்பத்தான் வழி உண்டா? ஓடி ஏறுகிற மலையும் இல்லாமல் போகும். இன்றும் "இங்கேதான் இருக்கேன்" என்று மட்டும் சொல்லிவிட்டு வந்தேன்.

உருகுமாதம் 1

"பாட்டி, வந்து சேந்துட்டேன்! இப்பத்தான் கால் மண்ணுல பட்டுச்சு. பட்டதும் உன் குரல். 'வந்துட்டியா கண்ணு, சாப்பிட்டியா'ன்னு. என்ன சந்தோஷம் உனக்கு!"

தோர்மல் தொப்பியைக் கழற்றினார். குல்தா என் தோளைப் பிடித்துக்கொண்டாள்.

"உங்க பேத்தி சொன்னதுதான் சரி" என்றார் தோர்மல். சபையில் இந்த வார்த்தையைக் கேட்க எவ்வளவு ஆசைப்பட்டேன்.

போயிட்டா. முதல் நாளே எனக்குத் தெரியும். ரொட்டியைத் தின்னேனே — தெரிஞ்சே தின்னேனே.

சாப்பிட்டியா என்று நான் இன்னும் கேட்கவே இல்லை.

உருகுமாதம் 2

அடுப்படியில் சொல்லிப் பார்த்தேன். 'சாப்பிட்டியா' வரும்போது குரல் உடைந்துவிடுகிறது. மறுபடி. மறுபடி. குல்தா வாசற்படியில் உட்கார்ந்து கேட்டுக்கொண்டே இருந்தாள், கண்ணைத் துடைத்துக்கொண்டு.

"இது சாவு வீட்டுக் குரல். அந்தப் புள்ள பயந்துபோகும். மீன்காரிகிட்ட பீத்துவியே, அந்தக் குரல்ல சொல்லுடி."

உருகுமாதம் 4

சொல்லிவிட்டேன். மீன்காரியிடம் பேசுகிற குரலில்.

இனி மணிப் பக்கம் போகக் கூடாது. இதற்குமேல் ஒரு வார்த்தை சொன்னாலும் அதுதான் அவளுக்கு முதலில் கேட்கும். சொல்ல இன்னும் எவ்வளவோ இருக்கிறது. வாயை மூடிக்கொண்டு, ஏரிக்கரை வழியாக வீட்டுக்கு வந்தேன்.

இப்போதுதான் இறங்கியிருப்பாள்.