நான் எழுதிய மோதல்

ஆவணி 20, வெள்ளி.

காலனிக்காரரான சேவியர், வண்டியை விட்டு இறங்காமல் ஊர்த்தெருவைக் கடந்ததற்காக அடிபட்டார். நேற்று போலீஸ் ஸ்டேஷனிலிருந்து போனில் சொன்னபடி ‘இரு தரப்பினர் மோதல்’ என்று பேப்பருக்குச் செய்தி அனுப்பினேன். முப்பது வருடமாக அப்படித்தான் எழுதுகிறேன்.

இன்று புதுக்கோட்டை ஆஸ்பத்திரியில் அவரைப் பார்த்தேன். இரண்டு கையிலும் மாவுக்கட்டு. மனைவி ரோஸி என் செய்தியைப் படித்திருந்தார்.

“அத்தன பேரு அடிச்சாங்க. இவரு மூஞ்சிய மறைக்கத்தான் கையத் தூக்குனாரு. அதுக்குப் பேரு மோதலாங்க சார்?”

“திருத்தம் போடச் சொல்றேம்மா.”

“இவரு மேலயும் கேஸ் போட்டுட்டாங்க. கேட்டதுக்கு ஒங்க பேப்பரத்தான் காட்டுனாங்க. திங்கக்கெழம டிஸ்சார்ஜ். இங்கயே கைது பண்ணுவாங்களாம்.”

“சாரத் திட்டாத ரோஸி. வந்தாவது பாத்தாரே” என்றார் சேவியர்.

ஆசிரியரிடம் திருத்தம் கேட்டேன். “ஸ்டேஷன்ல சொன்னதத்தானய்யா போட்டோம்” என்றார்.

நான் எழுதிய மோதல்களில் இரு தரப்பும் அடித்துக்கொண்டது எது என்று யோசிக்கிறேன். ஒன்றுகூட நினைவுக்கு வரவில்லை.