மேயர் மரிவிக்கும் என் நாற்காலியும்

2024 ஆகஸ்ட் 11, ஞாயிறு

ஆராதனை முடிந்து வந்து, குக்கரை ஏற்றிவிட்டுப் போனைத் திறந்தேன். திறந்திருக்கக் கூடாது. மரிவிக் ஆம்புலன்ஸ் விட்டிருக்கிறாள். வெள்ளை வண்டி, ரெண்டு பக்கமும் ஆளுயரத்துக்கு அவள் சிரித்த முகம், கீழே 'மேயர் மரிவிக்கின் அன்பளிப்பு'. ரிப்பனை வெட்டுவது யார் கை? மஸ்கட்டில் பிள்ளைகளுக்கு நரம்பு பிடிக்கத் தெரியாமல் நடுங்கிய அதே கை. நான்தான் ஒவ்வொரு தடவையும் ஓடிப்போய் ஊசியை வாங்கிப் போடுவேன்.

ஒரே ஆஸ்பத்திரி, ஒரே ரூம், ரெண்டு பேரும் நர்ஸ். நான் தேனிப் பக்கம் வந்தேன், அவள் தன் நாடு பிலிப்பைன்ஸுக்குப் போனாள். போய்க் கல்யாணம் பண்ணினாள், தெருவுக்குத் தலைவியானாள், அப்புறம் கவுன்சிலர், ரெண்டு வருசத்துக்கு முன்னால் ஊருக்கே மேயர். ஒரு படியிலாவது சறுக்கக் கூடாதா இவளுக்கு?

நானும் கவுன்சிலர்தான். எழுதும்போதே சிரிப்பு வருகிறது.

லைக் போட்டேன். ஹார்ட் போடவில்லை.

ஆகஸ்ட் 14, புதன்

சந்தையில் கத்திரிக்காய் வாங்கும்போது ராமுத்தாய் கையைப் பிடித்துக்கொண்டாள். "ஏத்தா, நீ கவுன்சிலரு வீட்டம்மாதான? அவுக வந்தாகன்னா சொல்லுத்தா. இம்புட்டுப் பொம்பளைக உக்காந்து யாவாரம் பாக்குறோம், இங்கன ஒரு கக்கூசு இல்ல. அதுக்குப் பயந்துக்கிட்டு விடியக்காலம் இருந்து தண்ணி குடிக்கிறதில்ல. நீர்க்கடுப்புல உசுரு போகுது."

சரி, சொல்றேன் என்றேன். நான்தான் கவுன்சிலர் என்று சொல்ல வாய் வரவில்லை. சொன்னாலும் நம்பியிருக்க மாட்டாள். வார்டு போர்டில் இவா என்ற என் பெயருக்குக் கீழே இருப்பது என் வீட்டுக்காரர் கிங்ஸ்லியின் நம்பர். போஸ்டரில் அவர் முகம் அண்டா சைஸ், என் முகம் ஸ்டாம்ப் சைஸ். கட்சிக்காகப் பத்து வருசம் அலைந்தவர், வார்டு பெண்களுக்கு என்று வந்ததும் இடிந்து போய் உட்கார்ந்தார். அன்றைக்குச் சொன்னது இன்னும் காதில் இருக்கிறது. "நீ நில்லு இவா. மத்ததெல்லாம் நான் பாத்துக்கிறேன்."

பார்த்துக்கொண்டுதான் இருக்கிறார். கூட்டத்துக்கு அவர் போகிறார். பேசுவது அவர். கையெழுத்து மட்டும் வீட்டுக்கு வரும். மாவுக் கையைத் துடைத்துவிட்டுப் போட்டுக் கொடுப்பேன்.

கக்கூஸ் விசயத்தைச் சொன்னேன். "அடுத்த கூட்டத்துல பேசுறேன்" என்றார். போன வருசமும் இதையேதான் சொன்னார்.

ஆகஸ்ட் 30, வெள்ளி

மரிவிக்கிடமிருந்து மெசேஜ். அங்கே பெண்களுக்கு ஏதோ மாநாடாம். மேடையில் என் படத்தைக் காட்டப் போகிறாளாம். 'என் இந்தியத் தங்கச்சியும் பதவியில் இருக்கிறாள் என்று சொல்ல வேண்டும். நீ உன் நாற்காலியில் உட்கார்ந்திருக்கிற போட்டோ அனுப்பு.'

என் நாற்காலி.

போன் முழுக்கத் தேடினேன். பதவியேற்ற அன்றைக்கு எடுத்தது ஒன்று இருக்கிறது. அதிலும் மாலை கிங்ஸ்லி கழுத்தில்.

செப்டம்பர் 4, புதன்

செய்துவிட்டேன்.

மத்தியானம் எல்லோரும் சாப்பிடப் போன நேரமாகப் பேரூராட்சி ஆபீசுக்குப் போனேன். கூட்டுகிற முனீஸ்வரிதான் கூட்ட அறையைத் திறந்துவிட்டாள். "சார் சீட்டு அந்தா, சன்னலோரம்" என்று கை காட்டினாள். கேட்காமலே தெரிந்தது. முதுகில் அவர் துண்டு தொங்கியது.

துண்டை எடுத்து மடியில் ஒளித்துக்கொண்டு உட்கார்ந்தேன். முனீஸ்வரி போட்டோ எடுத்தாள். மைக்கைப் பிடித்த மாதிரி ஒன்று, பேப்பரைப் பார்க்கிற மாதிரி ஒன்று. "நல்லாருக்குக்கா, மந்திரி மாதிரி" என்றாள். எழுந்ததும் துண்டை இருந்த மாதிரியே தொங்கவிட்டேன். கொடியில் காய்ந்ததைத் திருடினவளுக்குக்கூட நெஞ்சு இப்படி அடிக்காது.

நல்லதாக ஒன்றைப் பார்த்து அனுப்பினேன்.

செப்டம்பர் 7, சனி

சதுர்த்தி லீவு. கிங்ஸ்லி வீட்டில். மரிவிக் போட்ட படம் மஸ்கட் நர்சுகள் குரூப்புக்கு வந்து, அங்கிருந்து சுற்றிச் சுற்றி இவர் தம்பி போனுக்கே வந்துவிட்டது.

"யாரைக் கேட்டு அங்கன போன?"

"என் சீட்டுதானங்க."

"சீட்டு உன் பேருல இருக்கு. அம்புட்டுதான்." சத்தம் போடவில்லை. சத்தம் போட்டிருந்தால்கூட ஆறியிருக்கும்.

செப்டம்பர் 8, ஞாயிறு

பொய்க்கு இவ்வளவு லைக்கா.

செப்டம்பர் 27, வெள்ளி

மரிவிக் வீடியோவில் வந்தாள். மேக்கப் இல்லை. அழுது மூக்கு சிவந்திருந்தது.

அவளுக்கு முன்னால் அங்கே மேயராக இருந்தது அவள் புருஷனாம். மூன்று தடவை தொடர்ந்து இருந்தவர்கள் நாலாவது தடவை நிற்கக் கூடாது என்று அங்கே சட்டம். "அதனாலதான் என்னை நிறுத்தினான். நாற்காலிச் சூடு ஆறாம உக்காந்திரு, அதான் உன் வேலைன்னான். இப்ப எந்திரிங்கிறான். வர்ற மே மாசம் அவன் நிக்கப் போறான்." கொஞ்ச நேரம் மூக்கை உறிஞ்சினாள். "உனக்கு இது புரியாது. நீ சொந்தமா உக்காந்தவ. உன் போட்டோவைத் தினமும் எடுத்துப் பாக்குறேன். பொறாமையா இருக்கு."

என்னைப் பார்த்து. அவளுக்கு. பொறாமை.

சொல்லியிருக்கலாம், அது பொய்டீ, மடியில அவரு துண்டு கிடந்துச்சுடீன்னு. சொல்லலையே. 'நீயா இருந்தா என்ன செய்வ?' என்று கேட்டாள். "எந்திரிக்க மாட்டேன்" என்றேன். எவ்வளவு கெத்தாகச் சொன்னேன் தெரியுமா? அப்போது பார்த்து, காபி எங்கே என்று கிங்ஸ்லி கூப்பிட்டார். எந்திரிச்சுப் போனேன்.

அவள் பழைய படங்களையெல்லாம் திரும்ப எடுத்துப் பார்த்தேன். ஒவ்வொரு படத்தின் ஓரத்திலும் தங்க வாட்ச் கட்டிய ஒரு தடித்த கை. ஆம்புலன்ஸ் படத்தில்கூட இருக்கிறது. இத்தனை நாள் அவள் முகத்தை மட்டும் பார்த்து வெந்துகொண்டிருந்திருக்கிறேன்.

இன்னொன்றையும் எழுதிவிடுகிறேன், வேறு யாரிடம் சொல்ல? அவள் அழுதபோது எனக்கு உள்ளே குளுகுளு என்று இருந்தது.

அக்டோபர் 8, செவ்வாய்

அங்கே வேட்புமனுவுக்குக் கடைசி நாள். மரிவிக் புருஷனை எதிர்த்தே மனு கொடுத்துவிட்டாள்.

எனக்கு ஒரே வரி அனுப்பியிருக்கிறாள். 'நீ சொன்னதைச் செய்துவிட்டேன்.'

அய்யோ, நான் சும்மா சொன்னேன்டீ.

நவம்பர் 20, புதன்

மரிவிக் வீட்டை விட்டு வந்து அம்மா வீட்டில் இருக்கிறாளாம். பிள்ளைகள் வாரக்கடைசியில் மட்டும் வருகிறார்களாம். மன்னிப்புக் கேட்டு மெசேஜ் அடித்தேன். அனுப்பாமல் அழித்தேன். கேட்டால் போட்டோவைப் பற்றியும் சொல்ல வேண்டுமே.

2025 மே 13, செவ்வாய்

வீரபாண்டித் திருவிழாக் கூட்டம், பழனிசெட்டிபட்டியைத் தாண்டுவதற்குள் பஸ் ஊர்ந்து ஊர்ந்து போனது. நின்றுகொண்டே போனைப் பார்த்தேன். நேற்று அங்கே ஓட்டு. மரிவிக் தோற்றுவிட்டாள். கொஞ்ச நஞ்சமில்லை, படுதோல்வி. புருஷன் மறுபடி மேயர்.

ஒரு படம் அனுப்பியிருந்தாள். மழையில் நனைந்து ஒரு பக்கம் கிழிந்த அவளுடைய பேனர். 'தோற்றேன். ஆனால் பார், இதில் என் முகம் மட்டும்தான்.'

பெரிதாக்கிப் பெரிதாக்கி ஓரங்களைத் தேடினேன். வாட்ச் இல்லை. கை இல்லை.

குளுகுளு என்று இருக்கும் என்று நினைத்தேன். இல்லை. வயிறு எரிந்தது. ஜெயித்தபோது எரிந்ததைவிட அதிகமாக எரிந்தது. தோத்தவளப் பாத்து எவளுக்காச்சும் பொறாம வருமா? எனக்கு வருது. நான் தோற்றதுகூட இல்லையே.

மே 15, வியாழன்

சந்தை. ராமுத்தாய் இடம் காலி. ஆஸ்பத்திரியில் சேர்த்திருக்கிறார்களாம். நீர்க்கடுப்பு கிட்னி வரைக்கும் போய்விட்டதாம். கிங்ஸ்லியிடம் சொன்னேன். "பாவம், அடுத்த கூட்டத்துல பேசுறேன்" என்றார்.

மே 30, வெள்ளி

கூட்டம். கிங்ஸ்லி வெள்ளைச் சட்டையைத் தேய்த்துக்கொண்டிருந்தார். நான் சேலை கட்டி வாசலில் செருப்பு மாட்டிக்கொண்டிருந்தேன்.

"எங்க கிளம்பிட்ட?"

"கூட்டத்துக்கு."

"நான் போறேன்ல."

"நீங்களும் வாங்க. பின்னால பெஞ்சு கிடக்கு." குரல் என்னுடையது மாதிரியே இல்லை. அவர் தேய்ப்புப் பெட்டியைக் கையில் பிடித்தபடியே நின்றார். நான் ஆட்டோ பிடித்துப் போய்விட்டேன்.

சன்னலோரச் சீட்டில் துண்டு தொங்கியது. மடித்து முனீஸ்வரியிடம் கொடுத்தேன், சார் வந்தால் கொடுத்துவிடு என்று. உட்கார்ந்தேன். தலைவர் கண்ணாடியை இறக்கிப் பார்த்தார்.

"சார் வரலையாம்மா?"

"என்ன விசயமோ எங்கிட்ட கேளுங்க."

சந்தைக் கக்கூஸைப் பற்றிப் பேசினேன். ராமுத்தாய்க்கு என்ன ஆனது என்று நர்ஸ் சொல்கிற மாதிரி விவரமாகச் சொன்னேன். மைக்கைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டேன். ரெண்டு பேர் சிரித்தார்கள். நிதி இல்லை என்றார்கள். இல்லை என்பதைத் தீர்மானத்தில் எழுதுங்கள், அப்போதுதான் கையெழுத்து என்றேன். கடைசியில் இடம் பார்க்கத் திங்கட்கிழமை இன்ஜினியரை அனுப்புவதாக எழுதினார்கள். வாசித்துப் பார்த்துவிட்டு அங்கேயே கையெழுத்துப் போட்டேன்.

கிங்ஸ்லி வரவில்லை. ராத்திரி வெளியே சாப்பிட்டுவிட்டு வந்து, முகம் கொடுக்காமல் படுத்துவிட்டார். பெரிய சண்டை பாக்கி இருக்கிறது.

மரிவிக்கிடம் நடந்ததை எல்லாம் எழுதினேன். முதல் போட்டோவையும், துண்டையும் சேர்த்துத்தான். அனுப்பிவிட்டுப் பாத்திரங்களைக் கழுவி முடித்தேன். பிறகு, 'சரி, இன்றைக்கு எடுத்ததை அனுப்பு' என்று வந்தது.

அப்போதுதான் உறைத்தது. போட்டோ எடுக்கவே இல்லை.