பாலத்தோடு முடியும் ஆட்டம்

மார்ச் 4

கேசட் வந்துவிட்டது! இந்தப் பழைய கையடக்கக் கருவிக்கு வந்த ஆட்டங்களில் நான் கணினியில் நகலெடுத்து வைக்காதது இந்தப் படகு ஆட்டம் ஒன்றுதான். எங்கள் சேகரிப்புக் குழுவில் இதற்கு ஒரே ஒரு நகல் உண்டு. பாலம் வந்ததும் உறைந்து நின்றுவிடும். “ஆட்டமே அவ்வளவுதான், அரைகுறையா வித்துட்டாங்க” என்பார் தலைவர். என் கேசட்டின் நகல் அதோடு ஒத்துப்போனால் சேகரிப்பு முழுமை.

மார்ச் 6

ஒத்துப்போகவில்லை. “கேசட்டோட தகடு அழுக்கா இருக்கும், துடைச்சுட்டு எடும்மா” என்கிறார் தலைவர். ஸ்பிரிட் தொட்டுத் துடைத்தேன். அதே வித்தியாசம்.

மார்ச் 9

கால் முறிந்து மாவுக்கட்டோடு எங்கள் வீட்டில் தங்கியிருக்கும் நாத்தனார், ஸ்பிரிட் வாடை தாங்காமல் கத்துகிறார். “என் காலுக்கே இவ்வளவு ஊத்தலடி!” நச்சரிப்பு பொறுக்காமல், எடுத்த நகல்களில் ஒன்றைக் கருவியில் ஏற்றிக் கொடுத்தேன். “தப்பான நகல்தான்க்கா, பொழுதாவது போகும்.” வாய் மூடியது. அப்பாடா.

மார்ச் 12

எத்தனை முறை எடுத்தாலும் அதே வித்தியாசம், அதே இடத்தில். தலைவருக்குச் சலிப்பு. “குப்பையை ஏன் கட்டி அழுவுற? அழிச்சிடு.” ஆத்திரத்தில் கணினியில் இருந்த எல்லா நகலையும் அழித்தேன். ரப்பரை எடுத்து, தகடு பளபளக்கும்வரை அழுத்தித் தேய்த்தேன்.

மார்ச் 13

தகடு உரிந்துவிட்டது. கேசட் செத்தது.

மார்ச் 14

“வேற ஒண்ணு வாங்கேன்” என்கிறார் கணவர். கடையில் தொங்குகிற சாமானா அது? எத்தனை வருஷம் தேடினேன்! யாரிடமும் பேசப் பிடிக்கவில்லை. போங்கடா.

மார்ச் 16

சமையலறையில் இருந்தேன். நாத்தனார் கூப்பிட்டார்.

“ஏம்மா, பாலத்தைத் தாண்டினா பெரிய கப்பல் ஒண்ணு வருதே, அதுல எப்படி ஏறுறது? ரெண்டு நாளா முட்டிக்கிட்டு இருக்கேன்.”

கரண்டியும் கையுமாக ஓடினேன். கப்பல்! நாங்கள் யாருமே பார்த்திராத கப்பல். அழுக்கால் வரும் தப்பு தடவைக்கு ஒரு இடத்தில் அல்லவா வரும்? ஒரே இடத்தில் வந்தபோதே உறைத்திருக்க வேண்டாமா? குழுவின் நகல்தான் கோளாறு. என்னுடையது முழு ஆட்டம். அது இப்போது இருப்பது நாத்தனார் கையிலுள்ள கருவியில் மட்டும்.

“குடுங்கக்கா, உடனே ஒரு நகல் எடுக்கணும்.”

“தப்பானதுன்னுதானே குடுத்தே? கப்பலை முடிச்சுட்டுத் தரேன், போ.”

அடுப்பில் ஏதோ தீய்ந்தது. நான் அந்த இடத்தை விட்டு நகரவில்லை.